ஒச்சப்பன் வீட்டில் இல்லை

இப்போதெல்லாம் ரிலீவிங் ஆர்டர் வாட்ஸப்பில் வருகிறதாம். நீல டிக் விழுந்துவிட்டால் சார்வு ஆகிவிட்டது என்று அர்த்தமாம். நம்ம ஆபீஸ் தம்பிகள் ரெண்டு பேர் போன வாரம் ஒத்தக்கடை வீட்டுக்கு வந்து இதைச் சொன்னார்கள். முதலில் சிரித்தேன். அப்புறம் வயிறு எரிந்தது. ஒரு மனுஷனைத் தேடிப் பிடித்து, உத்தரவைக் கையில் திணித்து, கையெழுத்து வாங்கித் திரும்புவது என்பது டிக் அடிக்கிற வேலையா? நான் பார்த்த வேலையை இன்றைக்கு ஒரு போன் பார்க்கிறது. அந்தப் போனுக்குப் பென்ஷன் உண்டா என்று கேட்டேன். "அண்ணே, சங்க மலருக்கு நீங்க ஒண்ணு எழுதிக் குடுங்க" என்றார்கள். எழுத ஆரம்பித்துவிட்டேன்.

தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. அரசாங்க உத்தரவை உரிய ஆளிடம் முறைப்படி சேர்ப்பதுதான் சார்வு. ஒருத்தரை ஊர் மாற்றிவிட்டார்கள் என்று வையுங்கள். மாறுதல் ஆணை வந்தால் மட்டும் போதாது. இந்த ஆபீஸில் இருந்து விடுவித்தாச்சு என்கிற ரிலீவிங் ஆர்டர் அவர் கைக்குப் போகணும். போகிற வரைக்கும் நாற்காலி அவருடையது. அதற்குள் கோர்ட்டில் ஸ்டே வாங்கிவிட்டால் யாரும் அசைக்க முடியாது. கைக்குப் போய்விட்டாலோ, "ஆளே போயாச்சு, இனி எதை நிறுத்தி வைக்கிறது" என்று அரசு வக்கீல் சுலபமாகச் சொல்லிவிடுவார். ஆக, ஒரு பக்கம் வக்கீல் ஓடுகிறார், மறுபக்கம் நான் ஓடுகிறேன். யார் முந்துகிறோம் என்பதுதான் சட்டம். மற்றதெல்லாம் புத்தகத்தில் இருப்பது.

என் படிப்பு எட்டு. அதிலும் எட்டாவதில் உட்கார்ந்திருந்தேன் என்று சொல்லலாம், படித்தேன் என்று சொன்னால் வாத்தியார் கோவித்துக்கொள்வார். உசிலம்பட்டிப் பக்கம் கடலைக்காட்டில் இருந்து வந்தவன். தல்லாகுளத்தில் எங்கள் மண்டல ஆபீஸுக்குத் தினக்கூலியாகத் தண்ணி தூக்க வந்தேன். அங்கேயே அலுவலக உதவியாளர் ஆனேன். ஒத்தக்கடையில் மாடி வீடு கட்டினேன். இடம் வாங்கினபோது சுற்றிலும் கருவேலமும் கண்மாயும்தான். ஆபீஸில் சிரிக்காத ஆள் இல்லை. பிற்பாடு ஹைகோர்ட் கிளையே அந்தப் பக்கம் வந்து சேர்ந்தது. என்னைக் கேட்டுத்தான் அங்கே வைத்தார்கள் என்று நான் சொல்லவில்லை. கேட்டிருந்தால் அதைத்தான் சொல்லியிருப்பேன்.

சார்வு வேலையை எனக்கு யாரும் கற்றுக்கொடுக்கவில்லை. கற்றுக்கொடுக்க ஆளும் கிடையாது. ஆள் அகப்பட்டால் கையில் கொடுத்துக் கையெழுத்து. வாங்க மறுத்தாலோ, ஆள் இல்லை என்றாலோ வாசல் கதவில் ஒட்டிவிட்டு, பக்கத்து வீட்டு ஆட்கள் ரெண்டு பேரிடம் சாட்சிக் கையெழுத்து. ஆபீஸ் பிரதியில் நேரத்தை நானே எழுதுவேன். பசை என் சொந்தத் தயாரிப்பு. மைதா மாவைக் காய்ச்சி, கொஞ்சம் மயில்துத்தம் போட்டால் ஆடு வாய் வைக்காது. நான் ஒட்டினதை ஆசாரியைக் கூட்டிவந்து இழைத்துத்தான் எடுத்திருக்கிறார்கள்.

ஒரே ஒரு ஆளைச் சொல்கிறேன், என் தரம் உங்களுக்குப் புரியும். கணக்குப் பிரிவில் ஒருத்தர், மாறுதல் என்றதும் மெடிக்கல் லீவைப் போட்டுவிட்டுக் காணாமல் போனார். ஸ்டே வாங்க மெட்ராஸுக்குத்தான் போகணும் என்றிருந்த காலம் அது. தம்பியை ராத்திரி ரயிலில் அனுப்பிவிட்டு இவர் செல்லூரில் மாமனார் வீட்டில் பதுங்கியிருந்தார். நான் போனேன். மாமனார் கைத்தறிக்காரர். நாள் நல்ல நாள், பாவு நூல் பூட்டியிருக்கிறது, ஆனால் தறி சும்மா கிடக்கிறது. பெரியவர் அதன் பக்கத்தில் நின்று என்னிடம் ஊர்க்கதை பேசுகிறார். எனக்கு அம்புட்டுதான் வேண்டும். குழித்தறியில் கால் வைக்கிற குழி ஒன்று இருக்கும், தெரியுமில்லையா? "பெரியவரே, என்னால உங்க பொழப்புக் கெட வேணாம். நெய்யுங்க, நான் இப்படி உக்காந்து பாக்குறேன்" என்றேன். அவரும் எத்தனை நேரம்தான் சாக்குச் சொல்வார்? உட்கார்ந்தார். மிதித்தார். குழிக்குள் இருந்து மருமகன் சத்தம் கேட்டது. பேனாவை உள்ளே நீட்டினேன்.

"ஒச்சப்பண்ணே நம்ம செக்ஷன் பக்கம் வாராரு" என்றால் பாதிப்பேர் பாத்ரூமுக்குப் போய்விடுவார்கள்.

பிறகு ரெண்டு காரியம் நடந்தது. ஹைகோர்ட் கிளை வந்தது. எங்களுக்குச் சதாசிவம் ஐயா மண்டல அதிகாரியாக வந்தார்.

கிளை வந்ததும் ஆட்டமே மாறிவிட்டது. முன்னெல்லாம் மெட்ராஸுக்குப் போய் ஸ்டே வாங்கிவருவதற்குள் நான் மூணு பேரை ஊரைவிட்டு அனுப்பிவிடுவேன். இப்போது மேலூர் பஸ்ஸில் ஏறினால் கோர்ட் வாசல். காலையில் தயிர்சாதம் கட்டிக்கொண்டு போனவர் சாயங்காலம் ஸ்டேயோடு வந்து, டிபன் பாக்ஸைக் கழுவிவிட்டு அதே நாற்காலியில் உட்காருகிறார். நான் நடக்கிற நடையை ஓட்டமாக மாற்ற வேண்டியதாயிற்று.

சதாசிவம் ஐயாவைப் பற்றி நிதானமாகச் சொல்ல வேண்டும். அவர் மாதிரி ஒரு அதிகாரியை நான் பார்த்ததில்லை. பார்த்துவிட்டும் உயிரோடு இருக்கிறேன் என்பதில் எனக்குப் பெருமை உண்டு. குரலை உயர்த்தமாட்டார். திட்டமாட்டார். மெமோ கொடுக்கமாட்டார். மேஜையில் ஒரு வெள்ளைக் கைக்குட்டையை விரித்து, அதன் மேல் பேனாவை நேராக வைத்துவிட்டுத்தான் பேசுவார். மாறுதல் என்ற வார்த்தையை அவர் வாயால் நான் கேட்டதே இல்லை. "கடல் காத்து உடம்புக்கு நல்லதுங்க" என்பார். எங்கள் மண்டலத்துக்குத் தொண்டியில் ஒரு கிளை ஆபீஸ் உண்டு. பிடிக்காதவர்கள் எல்லாரும் தொண்டிக்குத்தான். அவர் காலத்தில் தொண்டி ஆபீஸில் உட்கார இடமில்லாமல் ஆள் நின்றது. இங்கே மதுரையில் நாற்காலி காலியாகக் கிடந்தது. கேட்டால் நிர்வாகக் காரணம்.

யாரைத் தொண்டிக்கு அனுப்பப் போகிறாரோ அவரை முதலில் அறைக்குக் கூப்பிட்டு, உட்காரச் சொல்லி, டீ வாங்கிக் கொடுப்பார். மற்ற நாளில் அவருக்கு மட்டும் ஒரு டம்ளர் கொண்டுபோவேன். "ஒச்சப்பா, ரெண்டு டீ" என்று சொல்லிவிட்டால் ஒருத்தர் கதை முடிந்தது. நான் கடையில் இருந்து ரெண்டு டம்ளரோடு படியேறும்போது மொத்த ஆபீஸும் தட்டச்சை நிறுத்திவிட்டு என் கையைப் பார்க்கும். கலெக்டர் வந்தாலும் அந்த மரியாதை கிடைத்திருக்காது. "எனக்கு அல்சருங்கய்யா, டீ ஆகாது" என்று டாக்டர் சீட்டோடு அலைந்தவர்களும் உண்டு. ஐயா அவர்களுக்குப் பால் வாங்கிக் கொடுத்தார்.

முதலில் டீயோடு சேர்த்து அறைக்குள்ளேயே ஆர்டரைக் கொடுத்துக் கையெழுத்தும் வாங்கிக்கொண்டிருந்தார். ஒருத்தர் கோர்ட்டுக்குப் போய், கதவைச் சாத்தி வைத்து என்னைக் கட்டாயப்படுத்தினார்கள் என்று சொல்லி ஜெயித்துவிட்டார். அன்றைக்கே ஐயா ஒரு சுற்றறிக்கை போட்டார். இனி எந்த ரிலீவிங் ஆர்டரும் அதிகாரியின் அறையில் கொடுக்கப்படாது. சார்வு ஏட்டில் பதிந்து, சார்வு செய்பவர் வெளியே கொண்டுபோய்த்தான் சேர்க்க வேண்டும். அப்படிச் சேர்த்தால்தான் செல்லும். அதற்குக் கீழே அழகாகக் கையெழுத்துப் போட்டுத் தன் அறைக் கதவிலேயே, உட்பக்கம் ஒட்டச் சொன்னார். என் பசையால்தான் ஒட்டினேன். இந்த அறிக்கையை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

சார்வு செய்பவர் என்றால் நான் ஒருத்தன்தான். இன்னொரு அலுவலக உதவியாளர் இடம் காலியாகக் கிடந்தது. வாட்ச்மேன் ஒப்பந்த ஆள், அவர் கையெழுத்து செல்லாது.

இப்போது ஸ்டெல்லா மேடம் கதை.

ஸ்டெல்லா மேடம் எங்கள் ஆபீஸில் ஃபைல் எழுதுகிற உதவியாளர். அப்பா மிஷன் பள்ளிக்கூடத்தில் வாத்தியாராக இருந்தவர். வீட்டுக்காரர் தவறிவிட்டார். ஒரே மகள் ஜெனி, ஏழாவது படிக்கிற பிள்ளை, பிறவியிலேயே காது கேட்காது. மதுரையில் அந்தப் பிள்ளைகளுக்கென்று இருக்கிற பள்ளிக்கூடத்தில் சேர்த்திருந்தார். கையாலேயே கதை சொல்லும், சண்டை போடும், கணக்கும் போடும். தொண்டியில் அப்படிப் பள்ளிக்கூடம் கிடையாது. இந்த மாதிரிப் பிள்ளை வைத்திருப்பவர்களைக் கூடுமானவரை ஊர் மாற்றக்கூடாது என்று அரசாங்கமே சொல்லியிருக்கிறது. மேடம் அதை மனுவாக எழுதிக் கொடுத்தார். ஐயா அதன் மேல் "பரிசீலிக்கப்பட்டது" என்று எழுதினார். பரிசீலித்து என்ன ஆயிற்று என்று எழுதவில்லை.

காரணம், ஐயாவின் மச்சினர் மகள் சுகன்யா. அந்தப் பெண்ணும் நம்ம துறைதான், சிவகங்கைப் பக்கம் வேலை. கல்யாணமாகி மதுரைக்கு வந்தாயிற்று. மதுரையில் நாற்காலி வேண்டும். காலி நாற்காலிகள் கிடக்கத்தான் செய்தன, ஆனால் அதெல்லாம் அலைச்சல் உள்ள செக்ஷன். ஸ்டெல்லா மேடம் நாற்காலி ஜன்னலோரம். மேலே புது ஃபேன்.

வியாழக்கிழமை "ரெண்டு டீ" வந்தது. மேடம் உள்ளே போனார், குடித்தார், வெளியே வந்தார். அழவில்லை. மறுநாள் ஒருநாள் லீவு எழுதிக் கொடுத்துவிட்டு வக்கீலைப் பார்க்கப் போய்விட்டார். திங்கட்கிழமை மனு கோர்ட்டுக்கு வரும் என்று ஆபீஸுக்கே தெரிந்துவிட்டது. ஆக வெள்ளிக்கிழமைக்குள் நான் சார்வு செய்தாக வேண்டும். செய்துவிட்டால் தாயும் பிள்ளையும் தொண்டிக்கு.

வெள்ளிக்கிழமை காலையில் ஐயா என்னைக் கூப்பிட்டு நாள்காட்டியைக் கொண்டுவரச் சொன்னார். ஆபீஸில் தினக் காலண்டர் தாளைக் கிழிப்பதும் நான்தான், நேரம் பார்த்துச் சொல்வதும் நான்தான். பத்தரைக்கு ராகுகாலம் ஆரம்பம், அதற்கு முன் ஒன்பதரையில் இருந்து நல்ல நேரம் என்றேன். சுகன்யாவின் ராசியைச் சொன்னார். மத்தியானத்துக்கு மேல் அந்த ராசிக்குச் சந்திராஷ்டமம், ரெண்டு நாளைக்கு மேல் இருக்கும் என்றேன். "அப்ப இப்பவே" என்றார். சுகன்யா புகுந்த வீட்டு ஆட்கள் நாலு பேரோடு வந்தது. மேஜைக்குச் சந்தனம் குங்குமம் வைத்து, ராகுகாலத்துக்கு முன்னால் சேர்ந்து, "முற்பகல்" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டது. எல்லாருக்கும் லட்டு. நானும் ரெண்டு தின்றேன். தலைமை ஆபீஸுக்கு உடனே தகவல் போனது.

அதன் பிறகுதான் ஸ்டெல்லா மேடத்தின் ரிலீவிங் ஆர்டர் கையெழுத்தாகி என் கைக்கு வந்தது. பசை டப்பாவை எடுத்துக்கொண்டு கிளம்பினேன்.

தல்லாகுளத்துக்குப் பின்பக்கம் ஒரு சந்தில் வாடகை வீடு. பூட்டியிருந்தது. ஒட்டிவிட்டு வந்திருக்கலாம். ஆனால் ஆள் வருகிற சாத்தியம் இருந்தால் காத்திருந்து கையில் கொடுப்பதுதான் என் முறை. கதவில் ஒட்டுவது எல்லாரும் செய்வது. எதிர்வீட்டு அயர்ன்காரரோடு பேசிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். மூணு மணிக்கு மேல்தான், மகளைப் பள்ளியில் இருந்து கூட்டிக்கொண்டு மேடம் வந்தார். என்னைப் பார்த்ததும் ஓடவில்லை. இத்தனை வருஷத்தில் என்னைப் பார்த்து ஓடாத முதல் ஆள். எனக்கே கொஞ்சம் அவமானமாக இருந்தது.

"வாங்கண்ணே. வெயில்ல உக்காந்திருக்கீங்களே" என்றார்.

பிள்ளை என்னைக் காட்டி அம்மாவிடம் கையால் ஏதோ கேட்டது. அம்மா கையால் பதில் சொன்னார். பிள்ளை சிரித்தது.

"என்ன மேடம் கேக்குது?"

"நீங்க யாருன்னு கேக்குறா. ஆபீஸ்ல எல்லாருக்கும் டீ வாங்கிக் குடுக்குற மாமான்னு சொன்னேன்."

நான் ஆர்டரை நீட்டினேன். மேடம் வாங்கவில்லை. "திங்கக்கிழமை வரைக்கும் பொறுங்கண்ணே. கோர்ட்டு சொல்றதைக் கேட்டுக்கிறேன்" என்றார்.

"திங்கக்கிழமை வாரதுக்கு நான் எதுக்கு மேடம், தபால்காரர் போதுமே" என்றேன்.

வாங்க மறுத்தார் என்று குறித்துக்கொண்டு கதவில் பசையைத் தடவினேன். ஆர்டரை ஒட்டும்போது கீழ் மூலை ஒன்று மடங்கி நின்றது. அந்தப் பிள்ளை ஏதோ நோட்டீஸ் என்று நினைத்ததோ என்னவோ, பக்கத்தில் வந்து தன் உள்ளங்கையால் அந்த மூலையை நன்றாக அழுத்திவிட்டு, சரியா என்று என் முகத்தைப் பார்த்தது. சரி என்று தலையாட்டினேன். மேடம் உள்ளே போய்விட்டார்.

அயர்ன்காரரும் பக்கத்து வீட்டு அம்மாவும் சாட்சிக் கையெழுத்துப் போட்டார்கள். ஆபீஸ் பிரதியில் "பிற்பகல் மூன்றேகால்" என்று எழுதினேன். சார்வு முடிந்தது. தோற்காத கணக்கில் இன்னொன்று.

திங்கட்கிழமை கோர்ட்டுக்கு ஃபைல் கட்டைத் தூக்கிக்கொண்டு போனதும் நான்தான். பின்னால் நின்றேன். அரசு வக்கீல் எழுந்து, வெள்ளிக்கிழமையே விடுவித்தாயிற்று, அந்த இடத்தில் வேறொருவர் வெள்ளி முற்பகலிலேயே சேர்ந்தும் ஆயிற்று என்று பெருமையாகச் சொன்னார். மேடத்தின் வக்கீல், என் கட்சிக்காரருக்கு உத்தரவு வந்ததே அன்று மூணு மணிக்கு மேல்தான் என்றார். நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "அப்படின்னா காலையில இருந்து மூணு மணி வரைக்கும் ஒரே நாற்காலியில ரெண்டு பேரா?" என்று கேட்டார். அரசு வக்கீல் திரும்பி என்னைப் பார்த்தார். நான் ஃபேனைப் பார்த்தேன். சார்வு செய்த அசல் பிரதியைப் புதன்கிழமை கொண்டுவாருங்கள், காலியில்லாத இடத்தில் ஒருவரைச் சேர்த்திருந்தால் சேர்த்த உத்தரவு, விடுவித்த உத்தரவு இரண்டும் நிற்காது என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள்.

செவ்வாய்க்கிழமை காலையில் சூப்பிரண்டு ரவீந்திரன் என்னை ஓரமாகக் கூட்டிப்போனார். நல்ல மனுஷன், பயந்த மனுஷன். சார்வுப் பிரதியைப் புதிதாக ஒன்று எழுதி, நேரத்தைக் காலை ஒன்பது என்று போட்டு, சாட்சிக்கு வேறு ரெண்டு பேரைப் பிடிக்க முடியுமா என்றார். அப்படிச் செய்தால் மேடம் முதலில் போனார், சுகன்யா அப்புறம் வந்தார் என்று ஆகிவிடும். ஸ்டே கிடைக்காது.

முடியாது என்றேன். இரக்கத்தில் சொன்னதாக யாரும் நினைக்க வேண்டாம். நான்தானே கதவில் ஒட்டினவன்? ஆனால் ஒச்சப்பன் சார்வு என்றால் சார்வு. அதில் எழுதின நேரத்தை மாற்றினால் பழைய சார்வு எல்லாம் பொய் என்று ஆகிவிடாதா? செல்லூர்த் தறிக்குழி பொய்யா? கஷ்டப்பட்டுச் சேர்த்த பேர் அது.

"அப்ப அந்தப் பொண்ணு சாயங்காலம் சேர்ந்ததா மாத்திடலாங்களா ஐயா?" என்று சூப்பிரண்டு உள்ளே போய்க் கேட்டிருக்கிறார். ஐயா கைக்குட்டையை ஒரு தரம் உதறி விரித்தார். தலைமை ஆபீஸ் தகவலையாவது ஆள் பிடித்துச் சரிக்கட்டலாம், சந்திராஷ்டமத்தில் சேர்ந்தாள் என்று காகிதத்தில் எழுதுவதற்குத் தன் மச்சினருக்கு என்ன பதில் சொல்வது என்று கேட்டாராம். உண்மையில் சேர்ந்தது நல்ல நேரம்தானே என்று சூப்பிரண்டு சொல்லியிருக்கிறார். "எழுத்துக்கும் கிரகம் உண்டுங்க" என்றாராம் ஐயா.

மத்தியானம் மணியடித்தார். போனேன்.

"ஒச்சப்பா, ரெண்டு டீ."

கடைக்குப் போனேன். யாருக்காக இருக்கும் என்று யோசித்துக்கொண்டே படியேறினேன். வழக்கம்போல ஆபீஸ் என் கையைப் பார்த்தது. உள்ளே போய் ரெண்டு டம்ளரையும் வைத்துவிட்டு, யாரைக் கூப்பிடட்டும் என்று கேட்டேன்.

"உட்காருங்க ஒச்சப்பன்" என்றார் ஐயா.

அத்தனை வருஷத்தில் அவர் எனக்கு 'ங்க' போட்டது அன்றுதான். ஆனாலும் நான் உட்காரவில்லை. மேஜையில் ரெண்டு காகிதம். ஒன்று எழுதாத சார்வுப் பிரதி. இன்னொன்று என் பேருக்குத் தொண்டி. ரிலீவிங் ஆர்டரும் சேர்த்தே தயார். எனக்கு விளங்கிவிட்டது. நான் போய்விட்டால் சார்வுக் கட்டை சூப்பிரண்டிடம் ஒப்படைக்க வேண்டும். பயந்த மனுஷன் எழுதச் சொன்னதை எழுதிவிடுவார். நாளைக்குக் கோர்ட்டுக்குக் காலை ஒன்பது மணி போகும்.

"கடல் காத்து உங்களுக்கும் நல்லதுதான். எது வேணும்னு நீங்களே சொல்லுங்க" என்றார்.

டீயில் ஆடை கட்டிக்கொண்டிருந்தது. நான் கதவைப் பார்த்தேன். கதவில் சுற்றறிக்கை.

"ஐயா, இதை ரூமுக்குள்ள வாங்கினா செல்லாதுங்களே. ஏட்டுல பதிஞ்சு, சார்வுக்கு வெளிய அனுப்பணும்னு ஐயாதான் போட்டிருக்கீங்க."

"சரி, பதியச் சொல்றேன்."

"பதிஞ்சா யாரு சார்வு பண்றதுங்கய்யா?"

ஐயா பேனாவைக் கொஞ்சம் நகர்த்தி வைத்தார்.

"நீங்கதான்" என்றார்.

"இன்னைக்கே பண்ணிடுறேங்கய்யா" என்று வாங்கிக்கொண்டேன். ஏட்டில் பதிந்து, சார்வுக் கட்டையும் பசை டப்பாவையும் எடுத்துக்கொண்டு மேலூர் பஸ்ஸில் ஏறினேன். என் கடமையில் ஒருத்தனும் குறை சொல்ல முடியாது.

ஒத்தக்கடையில் இறங்கி என் வீட்டுக் கதவைத் தட்டினேன். வீட்டுக்காரி திறந்தாள்.

"ஒச்சப்பன் இருக்காருங்களா?" என்றேன்.

"என்ன, வெயில்ல கிறுக்குப் பிடிச்சிருச்சா?"

"ஆபீஸ் விஷயமா வந்திருக்கேன். இருக்காரா, இல்லையா? அதை மட்டும் சொல்லு."

"அந்தாளு காலையிலேயே டூட்டிக்குப் போயாச்சு. வீடு தங்குற ஆளா அது" என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்திவிட்டாள்.

அவள் சொன்னது முழு உண்மை. நான் டூட்டியில்தான் இருந்தேன். "மேற்படி ஒச்சப்பன் வீட்டில் இல்லை. பணிக்குச் சென்றிருப்பதாக அவர் மனைவி தெரிவித்தார்" என்று பிரதியில் எழுதினேன். ஆள் இல்லை என்றால் அடுத்து என்ன? ஒட்ட வேண்டும். மோசடி செய்தான் என்று நாளைக்கு யாரும் சொல்லக்கூடாது பாருங்கள். பசையைத் திறந்தேன். வார்னிஷ் அடித்து ஒரு மாசம் ஆகாத தேக்குக் கதவு. உள்ளே இருந்து, கதவில் ஒரு பொட்டுப் பசை பட்டாலும் சாயங்காலம் நீ வெளித் திண்டில்தான் படுக்கணும் என்று சத்தம் வந்தது. அதையும் பொறுத்துக்கொண்டு பக்கத்து வீட்டு ரெண்டு பேரைச் சாட்சிக்குக் கூப்பிட்டேன். ஒருத்தர் கல்லூரியில் பாடம் நடத்துகிறவர். காகிதத்தை முழுசாகப் படித்துப் பார்த்தார்.

"ஆள் இல்லைன்னுல எழுதியிருக்கு. நீங்கதான் முன்னாடி நிக்கிறீங்களேண்ணே. இதுல நான் எப்படிக் கையெழுத்துப் போடுறது?"

"நான் சார்வு பண்ண வந்தவன். ஒச்சப்பன் வேற."

"மாப்ள, வாய்யா போவோம்" என்று இன்னொருத்தர் அவரை இழுத்துக்கொண்டு போய்விட்டார்.

சாட்சி இல்லாமல் ஒட்டினால் செல்லாது. ஆபீஸுக்குத் திரும்பி, "ஆள் அகப்படவில்லை, சாட்சி கிடைக்கவில்லை, சார்வு ஆகவில்லை" என்று முறைப்படி எழுதி ஐயா மேஜையில் வைத்தேன். படித்தார். ரொம்ப நேரம் படித்தார். அவர் போட்ட சுற்றறிக்கை அவருக்கு எதிரிலேயே ஒட்டியிருந்தது. கிழிக்கலாம் என்றாலும் என் பசை.

சார்வு ஆகாத வரைக்கும் நான் அங்கேதான். நான் அங்கே இருக்கிற வரைக்கும் கட்டு என் கையில்தான். புதன்கிழமை காலை அசல் பிரதியை நானே கொண்டுபோய் நீட்டினேன். பிற்பகல் மூன்றேகால், அயர்ன்காரர் கையெழுத்து, பக்கத்து வீட்டு அம்மா கையெழுத்து. ரெண்டு உத்தரவும் ரத்து. பிள்ளை அந்தப் பள்ளிக்கூடத்தில் படித்து முடிக்கிற வரைக்கும் தாயை மதுரையை விட்டு அசைக்கக்கூடாது என்றும் சேர்த்து எழுதிவிட்டார்கள். கோர்ட் வாசலில் மேடம் என்னைப் பார்த்துக் கை கும்பிட்டார். நன்றி எதற்கு, நான் என் சார்வைத்தான் காட்டினேன் என்றேன். ஆனாலும் கும்பிட்டதை நான் வேண்டாம் என்று சொல்லவில்லை.

ஆபீஸில் பிற்பாடு எல்லாரும் கேட்டார்கள், ஐயாவுக்கு வேண்டுமென்றே தப்பான நேரம் குறித்துக் கொடுத்தீங்களா என்று. காலண்டரை எடுத்துப் பாருங்கள். நல்ல நேரம் நல்ல நேரம்தான். யாருக்கு நல்லது என்று ஐயா கேட்கவில்லை.

சுகன்யா சிவகங்கைப் பக்கமே திரும்பிப் போனது. ஐயாவையும் சில மாதங்களில் மேலிடம் வேறு ஊருக்கு மாற்றியது. அந்த ஆர்டரைச் சார்வு செய்ய எனக்குக் கொடுத்துவைக்கவில்லை. அவர் மெயிலிலேயே வாங்கிக்கொண்டு போய்விட்டார். கடல் இல்லாத ஊர் என்று கேள்வி.

நான் ரிட்டையர் ஆன அன்று சூப்பிரண்டு நாற்காலியில் ஸ்டெல்லா மேடம்தான் இருந்தார். ஜெனி அப்போது கல்லூரி. மாலை, சால்வை, மிக்சர் எல்லாம் முடிந்தது. கடைசியாக மேடத்திடம் போய் ஒரு ஆசையைச் சொன்னேன். நான் போய்ச் சார்வு ஆகாமல் திரும்பின ஒரே ஆர்டர் இந்த ஆபீஸில் இருக்கிறது, அதை ஞாபகார்த்தமாக எனக்குத் தரலாமா, சட்டம் போட்டு வீட்டில் மாட்டிக்கொள்கிறேன் என்றேன்.

மேடம் பீரோவைத் திறந்து அந்தக் கட்டை எடுத்தார். என் பேர் போட்ட தொண்டி ஆர்டரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். மறுபடி உள்ளே வைத்துப் பூட்டிவிட்டார்.

"தர முடியாதுண்ணே" என்றார். "உங்க கையில குடுத்துட்டா அது சார்வு ஆயிருமே."